நட்சத்திரங்களை வைத்து டிவியில் நிதி திரட்டுவது: நெல்லைப் பக்கத்து நண்பர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

2023 டிசம்பர் வெள்ளத்துக்குப் பிறகு பாளையங்கோட்டை, ஸ்ரீவைகுண்டம், தென்காசிப் பக்கத்து இளைஞர் மன்றத்தார், கல்லூரிப் பிள்ளைகள், உள்ளூர் கேபிள் சேனல் நடத்தும் நண்பர்கள் எனப் பலரும் என்னிடம் ஒரே விஷயத்தைக் கேட்டுக்கொண்டிருக்கிறார்கள். சினிமா, சின்னத்திரைக் கலைஞர்களைக் கூப்பிட்டு, ஒரு நாள் முழுக்க நேரலை நடத்தி, நல்ல காரியத்துக்குப் பணம் திரட்டலாமா? வெளிநாடுகளில் டெலிதான் என்று நடத்துகிறார்களே, அது நம்ம ஊருக்குச் சரிப்படுமா? ஒவ்வொருவருக்கும் போனில் தனித்தனியாகச் சொல்வதைவிட எல்லாவற்றையும் இங்கே எழுதிவிடுகிறேன். நான் வெள்ள நிவாரணத்தில் வரவு செலவு நோட்டு எழுதியவன். அதனால் என் பதில்களில் மேடையைவிடக் கணக்கைப் பற்றிய பேச்சு கூடுதலாக இருக்கும்.

டெலிதான் என்றால் என்ன?

ஒரு நல்ல காரியத்துக்காகப் பல மணி நேரம் விடாமல் நடக்கும் நேரலை நிகழ்ச்சி. பாட்டு, ஆட்டம், நகைச்சுவை, பேட்டி என்று கலைஞர்கள் மாறி மாறி வருவார்கள். பணம் யாருக்குப் போகப்போகிறது என்பதை நடுநடுவே காட்டுவார்கள். திரையின் அடியில் போன் நம்பர் ஓடும்; இப்போதென்றால் க்யூஆர் கோடும் சேர்ந்து நிற்கும். ஒரு பக்கம் தொண்டர்கள் வரிசையாக உட்கார்ந்து போன் எடுப்பார்கள். பின்னால் பெரிய பலகையில் சேர்ந்த தொகை ஏறிக்கொண்டே போகும்.

இதை யார் ஆரம்பித்தது?

1949 ஏப்ரலில் அமெரிக்காவில் மில்டன் பெர்ல் என்ற நகைச்சுவைக் கலைஞர், புற்றுநோய் ஆராய்ச்சி நிதிக்காக என்பிசி தொலைக்காட்சியில் 16 மணி நேரம் நடத்தியதைத்தான் முதலாவதாகச் சொல்வார்கள். ஆனால் டெலிதான் என்றதும் அமெரிக்கர்களுக்கு நினைவு வருகிறவர் ஜெர்ரி லூயிஸ். அவரும் நகைச்சுவை நடிகர். தசைச்சிதைவு நோய் உள்ள குழந்தைகளுக்காக 1966-ல் தொடங்கி, ஒவ்வொரு செப்டம்பரிலும் தொழிலாளர் தின விடுமுறையை ஒட்டி நடத்தினார். முதல் தடவையே தொகை 10 லட்சம் டாலரைத் தாண்டிவிட்டது. பலகையில் ஆறு இலக்கத்துக்குத்தான் இடம் இருந்ததால், முன்னால் வரவேண்டிய ‘1’-ஐ ஓரத்தில் பெயின்டால் எழுதினார்கள். 2010 வரை அவர் அந்த மேடையில் நின்றார். அத்தனை வருஷமும் சேர்த்து 200 கோடி டாலருக்கு மேல் வந்தது.

பிறகு இது உலகம் முழுக்கப் பரவிவிட்டது. 1978-ல் சிலியும் ஜப்பானும் தொடங்கின. 1980-ல் பிரிட்டனில் பிபிசி தொடங்கியது. 1987-ல் பிரான்ஸ். 1985 ஜூலை 13 அன்று எத்தியோப்பியப் பஞ்சத்துக்காக லண்டனிலும் பிலடெல்பியாவிலும் ஒரே நாளில் நடந்த ‘லைவ் எய்ட்’ இசை நிகழ்ச்சியும் அடிப்படையில் இதே வகைதான்.

நட்சத்திரம் எதற்கு? விஷயத்தைச் சொல்லி நேராகக் கேட்டால் மக்கள் கொடுக்க மாட்டார்களா?

கொடுப்பார்கள். ஆனால் கேட்பதற்கு முதலில் ஆள் டிவி முன்னால் உட்கார வேண்டும். நட்சத்திரம் அங்கேதான் உதவுகிறார். போனை எடுத்துப் பணம் அனுப்ப வைப்பது பெரும்பாலும் வேறு ஒன்று: ‘நம்ம தெரு டெய்லர் ஆயிரம் கொடுத்துவிட்டாராமே’ என்கிற செய்தி. நான் பார்த்தவரை, பெரிய நடிகர் ஒருவர் பத்து நிமிஷம் வந்து கையசைத்துப் போவதைவிட, நடுத்தரமான ஒரு கலைஞர் ராத்திரி முழுக்க இருந்து, ஊர் ஊராகப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதுதான் பலன் தருகிறது.

சிலியில் அப்படித்தான் நடந்தது. டான் பிரான்சிஸ்கோ என்று எல்லோருக்கும் தெரிந்த தொகுப்பாளர் 1978-ல் மாற்றுத்திறன் குழந்தைகளின் மறுவாழ்வு மையங்களுக்காக 10 லட்சம் டாலர் இலக்கு வைத்தார். வந்தது அதற்கு இரண்டு மடங்குக்கும் மேல். அந்த மனிதர் பல பத்தாண்டுகள் அதே மேடைக்குத் திரும்பத் திரும்ப வந்தார். போன தடவை கட்டுவோம் என்று சொன்ன மையத்தை இந்தத் தடவை காட்டினார். ஜனங்கள் நம்பியதற்கு அதுதான் காரணம் என்று நினைக்கிறேன்.

நம் நாட்டில் இப்படி நடந்திருக்கிறதா?

நடந்திருக்கிறது. 2014 அக்டோபரில் ஹுட்ஹுட் புயல் விசாகப்பட்டினத்தைப் புரட்டிப் போட்டதும், நவம்பர் 30-ல் தெலுங்குத் திரையுலகம் ‘மேமு சைதம்’ என்ற பெயரில் 12 மணி நேரம் நடத்தியது. ஆட்டம் பாட்டம், கிரிக்கெட், நட்சத்திரங்களோடு விருந்து என்று எல்லாம் சேர்த்து 11 கோடி ரூபாய்க்கு மேல் திரண்டது. 2018 கேரள வெள்ளத்துக்கு ஓர் ஆங்கிலச் செய்தி சேனல் ஆறு மணி நேர நேரலையில் 10 கோடிக்கு மேல் திரட்டியது. 2020 மே 3-ல் கொரோனா ஊரடங்கின்போது கலைஞர்கள் அவரவர் வீட்டில் இருந்தபடியே பேஸ்புக்கில் பாடி ஆடிய ‘ஐ ஃபார் இந்தியா’ 50 கோடியைத் தாண்டியது.

டிவி வீட்டுக்கு வீடு வருவதற்கு முன்பும் இது உண்டு. 1977-ல் ஆந்திராவின் திவிசீமையைப் புயல் அழித்தபோது என்.டி.ஆரும் நாகேஸ்வர ராவும் தெருத்தெருவாகப் போய்க் கைநீட்டி வாங்கினார்கள். நம் எம்.எஸ்.சுப்புலட்சுமி காலமெல்லாம் நல்ல காரியங்களுக்காகக் கச்சேரி செய்து பணம் சேர்த்துக் கொடுத்தவர். 1974-ல் அவருக்குக் கிடைத்த மகசேசே விருது பொதுச்சேவைப் பிரிவில்தான் வந்தது.

தமிழ்த் திரையுலகத்தின் பெரிய நட்சத்திர விழாக்கள் பெரும்பாலும் நடிகர் சங்கத்துக்காக நடந்தவை. 2002-ல் விஜயகாந்த் தலைமையில் மலேசியா, சிங்கப்பூரில் நடந்தது சங்கக் கடனை அடைக்க. 2016 ஏப்ரல் 17-ல் சேப்பாக்கத்தில் நடந்த நட்சத்திர கிரிக்கெட் சங்கக் கட்டடத்துக்காக. அவ்வளவு பேரை ஒரே இடத்தில் கூட்ட முடியும் என்பதை அவை காட்டின. அதே பலத்தை ஒரு வெள்ளத்துக்கோ ஒரு மருத்துவமனைக்கோ வருஷம் தவறாமல் பயன்படுத்தும் வழக்கம் இன்னும் நம்மிடம் வரவில்லை. வர வேண்டும் என்பது என் ஆசை.

இதெல்லாம் வெளிநாட்டுப் பழக்கம். நம்ம சீமைக்கு ஒத்து வருமா, அண்ணாச்சி?

நம்ம சீமைக்கு இது புதுசே இல்லை. சுடலைமாடன் கொடையோ முத்தாரம்மன் கொடையோ நடக்கிற ஊருக்குப் போய்ப் பாருங்கள்; கொடை என்றால் இங்கே கோயில் திருவிழா. தலைக்கட்டு வரி, அதாவது குடும்பத்துக்கு இவ்வளவு என்ற பங்கை, முன்னாலேயே பிரித்துவிடுவார்கள். அது போக, ராத்திரி வில்லுப்பாட்டோ கரகாட்டமோ நடக்கும்போது ஆட்கள் ஒவ்வொருவராக எழுந்து போய்ச் சீட்டும் ரூபாயும் கொடுப்பார்கள். கதை சூடுபிடிக்கிற இடமாக இருந்தாலும் பாட்டுக்காரர் நிறுத்துவார். ‘மும்பையில் தொழில் செய்யும் இன்னார் மகன் இன்னார் அவர்கள் அன்பளிப்பு ரூபாய் ஐந்நூற்றி ஒன்று’ என்று மைக்கில் வாசிப்பார். குடம் அடிக்கிறவர் ஒரு தட்டுத் தட்டுவார். அது முடிவதற்குள் அடுத்த சீட்டு வந்துவிடும். கலைஞர், நேரலை, பெயர் வாசிப்பு, ஏறுகிற தொகை எல்லாம் அங்கே இருக்கிறது; கேமரா மட்டும்தான் இல்லை. இப்போது அதையும் செல்போனில் யாராவது யூடியூபில் போட்டுவிடுகிறார்கள்.

இதற்கு அப்புறம் நடப்பதுதான் எனக்கு முக்கியம். கொடை முடிந்து சில நாளில் ஊர்க்கூட்டம் போடுவார்கள். கோயில் முன்னால் பாய் விரித்து, வரவு செலவு நோட்டை வைத்துக்கொண்டு ஒருவர் வரிவரியாக வாசிப்பார். பந்தலுக்கு இவ்வளவு, மைக் செட்டுக்கு இவ்வளவு, பூவுக்கு இவ்வளவு, மேளத்துக்கு இவ்வளவு. பின்வரிசையில் இருந்து ஒருவர் எழுந்து, வாழை கட்டினது நாலு, பில் ஆறுக்கு எப்படி வந்தது என்று கேட்பார். கேட்கலாம், அது அவர் உரிமை. விளக்கம் சொல்லியே ஆகவேண்டும். வரி கொடுத்த சின்னப் பையனுக்கும் அந்த உரிமை உண்டு. டிவியில் நிதி திரட்டுகிற யாரும் இந்த ஒரு பழக்கத்தை எடுத்துக்கொண்டால் போதும், பாதிப் பிரச்சினை வராது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். எட்டயபுரம் பாரதி மணிமண்டபம் அந்தக் காலத்துத் திருநெல்வேலி ஜில்லாவில் பொதுமக்கள் பணத்தில் எழுந்தது. கல்கி தன் பத்திரிகை மூலம் வாசகர்களைக் கேட்டார். எங்கெங்கோ இருந்து பணம் வந்தது. 1947 அக்டோபரில் ராஜாஜி திறந்து வைத்தார்.

திரையில் ஏறிக்கொண்டே போகும் தொகை உண்மையா?

உண்மைதான், ஆனால் எல்லாம் கைக்கு வந்த பணம் இல்லை. அந்தப் பலகையில் பல வகை கலந்திருக்கும். போனில் ‘தருகிறேன்’ என்று சொன்ன தொகை ஒன்று. உடனே யுபிஐயில் வந்தது இன்னொன்று. கம்பெனிகள் பல வாரத்துக்கு முன்பே ஒப்புக்கொண்ட காசோலை, நேரலையில் சோர்வு தட்டும் நேரமாகப் பார்த்து மேடை ஏறும். நீங்கள் ஒரு ரூபாய் போட்டால் நானும் ஒரு ரூபாய் போடுகிறேன் என்று பெரிய கொடையாளி சொன்னதும் சேரும்.

இதில் தப்பு ஒன்றும் இல்லை. எது எது என்று சொல்லாமல் கூட்டிக் காட்டுவதுதான் தப்பு. போனில் சொன்ன தொகை முழுவதும் வந்து சேர்வது அபூர்வம். பாட்டின் உருக்கத்தில் பத்தாயிரம் என்று சொன்னவருக்கு, மறுநாள் காலையில் பிள்ளையின் பள்ளிக் கட்டணம் ஞாபகம் வரும். அவரைக் குறை சொல்ல முடியாது.

அதனால் நீங்கள் நடத்தினால் பலகையில் இரண்டு வரிசை வையுங்கள்: ‘வந்தது’, ‘சொன்னது’. தொகை சின்னதாகத் தெரியுமே என்று சேனல்காரர் தயங்குவார். விட்டுக்கொடுக்காதீர்கள். ஒரு மாதம் கழித்து யாராவது கணக்கு கேட்டால் அந்த இரண்டு வரிசைதான் உங்களைக் காப்பாற்றும்.

வருகிற கலைஞர்களுக்குச் சம்பளம் உண்டா?

நாட்டுக்கு நாடு வேறுபடும். ஜப்பானில் வருஷா வருஷம் நடக்கும் 24 மணி நேர நிகழ்ச்சியில் கலைஞர்களுக்குப் பணம் கொடுக்கப்படுகிறதே என்ற விமர்சனம் ரொம்ப காலமாக இருக்கிறது. போக்குவரத்து, தங்குமிடம், சாப்பாடு கொடுப்பதில் யாருக்கும் மனக்குறை இருக்காது. வில்லுப்பாட்டு, நையாண்டி மேளம் போன்றவற்றில் பிழைக்கிற கலைஞர்களுக்குக் கட்டாயம் சம்பளம் கொடுங்கள்; அது அவர்கள் சோறு. அதை நன்கொடையில் இருந்து எடுக்காமல் தனியாக ஒரு புரவலரிடம் வாங்கிக் கொடுங்கள். கொடுத்ததைத் திரையிலும் சொல்லிவிடுங்கள்.

நோயாளிகளையும் மாற்றுத்திறனாளிகளையும் மேடையில் நிறுத்தி அழ வைக்கிறார்களே, அது சரியா?

சரியில்லை. இந்தக் கேள்விக்குக் கொஞ்சம் நீளமாகவே பதில் சொல்ல வேண்டும்.

ஜெர்ரி லூயிஸின் நிகழ்ச்சியில் சக்கர நாற்காலியில் உட்கார்ந்த குழந்தைகளைக் கொண்டுவந்து, அவர்களைப் பாவப்பட்ட ஜீவன்களாகக் காட்டிப் பணம் கேட்டார்கள். பணம் கொட்டியது. அந்தக் குழந்தைகள் வளர்ந்து பெரியவர்கள் ஆனார்கள். எங்களை இப்படிக் காட்டியதால்தான் எங்களுக்கு வேலை கொடுக்கத் தயங்குகிறார்கள், வீடு வாடகைக்குத் தரத் தயங்குகிறார்கள், எங்களுக்கு வேண்டியது இரக்கம் இல்லை, உரிமை என்று 1990-களில் தெருவில் இறங்கிப் போராடினார்கள். அதில் முன்னால் நின்றவர்கள், சின்ன வயதில் அதே அமைப்பின் விளம்பர முகமாக இருந்தவர்கள். பிரிட்டனில் ஐடிவி சேனல் நடத்திய டெலிதானுக்கு எதிராக 1990-லும் 1992-லும் மாற்றுத்திறனாளிகள் ஸ்டுடியோ வாசலிலேயே கூடினார்கள். 1992-க்குப் பிறகு அந்த நிகழ்ச்சி நடக்கவில்லை. 2014-ல் ஐ.நா.வின் மாற்றுத்திறனாளர் உரிமைக் குழுவே மெக்சிகோவின் டெலிதான் பற்றிக் கவலை தெரிவித்தது. மறுவாழ்வுக்கு அரசு செய்ய வேண்டியதை ஒரு தர்ம நிகழ்ச்சியின் தலையில் வைப்பதும், அந்த மனிதர்களைத் தர்மத்துக்கு உரியவர்களாகக் காட்டுவதும் சரியில்லை என்பது அதன் கருத்து.

நமக்கு இதைப் புரிந்துகொள்ள அமெரிக்கா வரைக்கும் போக வேண்டியதில்லை. தென்காசி பக்கத்தில் ஆய்க்குடி இருக்கிறது. கடற்படைத் தேர்வில் அடிபட்டுக் கழுத்துக்குக் கீழே செயலிழந்த எஸ்.ராமகிருஷ்ணன் 1981-ல் அங்கே அமர் சேவா சங்கத்தைத் தொடங்கினார். பிறகு அவரோடு சேர்ந்தவர் எஸ்.சங்கர ராமன். ஆடிட்டர், தசைச்சிதைவு உள்ளவர். ஜெர்ரி லூயிஸ் எந்த நோய்க்காகப் பணம் கேட்டாரோ அதே வகை. அந்த இருவரும் பணம் வாங்குகிற இடத்தில் நிற்கவில்லை, நிர்வாகம் செய்கிற நாற்காலியில் உட்கார்ந்தார்கள். ஊர் ஊராகக் குழந்தைகளுக்குச் சிகிச்சையும் பயிற்சியும் கொண்டுபோய்ச் சேர்க்கிற பெரிய அமைப்பாக அதை வளர்த்தார்கள். 2020-ல் ராமகிருஷ்ணனுக்குப் பத்மஸ்ரீ கிடைத்தது. பாளையங்கோட்டையிலும் பார்வையற்றோர் பள்ளியும் காதுகேளாதோர் பள்ளியும் 19-ஆம் நூற்றாண்டின் கடைசியிலிருந்தே இருக்கின்றன. அங்கே படித்து வேலைக்குப் போனவர்கள் நம் தெருக்களில் நடமாடுகிறார்கள்.

ஆகவே உங்கள் மேடையில் மாற்றுத்திறனாளி வந்தால் தொகுப்பாளராக வரட்டும். பாடகராக வரட்டும். பணம் எதற்கு வேண்டும், எவ்வளவு வேண்டும் என்று கணக்கோடு விளக்குகிறவராக வரட்டும். குழந்தை அழுவதை மெதுவான இசையோடு போட வேண்டாம். வெள்ளத்தில் வீடு இழந்த அம்மா முகத்துக்குக் கிட்டே கேமராவைக் கொண்டுபோக வேண்டாம். நாளைக்கு அவர் மகளுக்கு மாப்பிள்ளை பார்க்கும்போதும் அந்த வீடியோ யூடியூபில் கிடக்கும்.

இந்தப் பணத்தால் உருப்படியாக ஏதாவது நடந்திருக்கிறதா?

நிறைய. எனக்கு ரொம்பப் பிடித்த உதாரணம் பிரான்ஸ். தசை நோய் உள்ள பிள்ளைகளின் பெற்றோர் சங்கம் 1987-ல் தொடங்கிய டெலிதான் பணத்தில்தான் ‘ஜெனெத்தான்’ என்ற ஆய்வுக்கூடம் வந்தது. மனித மரபணுத் தொகுதியின் ஆரம்ப கால வரைபடங்களை 1990-களின் முற்பகுதியில் வெளியிட்டு, உலகத்துக்கே இலவசமாகக் கொடுத்தது. முதுகுத்தண்டுத் தசைநார்ச் சிதைவு உள்ள குழந்தைகளுக்கு 16 கோடி ரூபாய் ஊசி என்று தமிழ்நாட்டில் வீட்டுக்கு வீடு பேசினோமே, ஞாபகம் இருக்கிறதா? அந்த மரபணு சிகிச்சைக்கு அடிப்படையான ஆய்வின் ஒரு முக்கியப் பகுதி ஜெனெத்தானில் நடந்தது. ஒரு பிரெஞ்சு கிராமத்து ஆள் ராத்திரி போன் செய்து கொடுத்த பத்துப் பிராங்கும் அதில் இருக்கிறது. அதே மருந்து 16 கோடிக்கு விற்கப்படுவது எனக்கு உறுத்தத்தான் செய்கிறது; பொதுமக்கள் பணத்தில் பிறந்த கண்டுபிடிப்பின் விலையைப் பற்றிப் பொதுமக்கள் பேச வேண்டும்.

2023 வெள்ளத்தின்போது இப்படி ஒன்று நடத்தியிருந்தால் உதவியிருக்குமா?

பணத்தைவிட, எதை அனுப்ப வேண்டும் என்று சொல்வதற்கு உதவியிருக்கும். டிசம்பர் 17, 18-ல் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் ஏறத்தாழ 95 சென்டிமீட்டர் கொட்டியது. ஸ்ரீவைகுண்டம் ஸ்டேஷனில் திருச்செந்தூர் ரயில் பயணிகள் நூற்றுக்கணக்கில் மாட்டிக்கொண்டார்கள்; பக்கத்து மேலப்புதுக்குடிக்காரர்கள் சோறு பொங்கிப் போட்டார்கள். ஏரல் கடைவீதியில் சரக்கெல்லாம் சேற்றுக்குள் போனது. வாழைத்தோட்டங்கள் சாய்ந்து கிடந்தன.

அடுத்த சில நாளில் லாரி லாரியாகப் பொருள் வந்தது. கொடுத்தவர்கள் மனசு பெரிசு. ஆனால் லாரிகள் மெயின் ரோட்டு ஊர்களில் நின்றுவிட்டன, உள்ளே இருக்கிற ஊர்களுக்குக் குறைவாகவே போயின. பழைய துணி மூட்டைகள் குவிந்தன, யாரும் தொடவில்லை. இட்லி மாவு ஆட்டி விற்றுப் பிழைத்த ஓர் அக்காவுக்கு அப்போது வேண்டியது இன்னொரு அரிசிப் பை இல்லை. சேறு புகுந்த கிரைண்டர் மோட்டாருக்குக் காயில் கட்டித் தர ஒரு மெக்கானிக்தான் வேண்டும். பிள்ளைகளுக்கு நனைந்து போன சான்றிதழின் நகல் வேண்டும். பாய், அடுப்பு, குக்கர் வேண்டும். பன்னிரண்டு மணி நேரம் நேரலை ஓடியிருந்தால், மணிக்கொருதரம் இந்தப் பட்டியலைத் திருத்திச் சொல்லிக்கொண்டே இருந்திருக்கலாம்.

லைவ் எய்டிலும் இதே பாடம்தான். பணமும் தானியமும் இருந்தும் கொண்டுபோக வண்டி கிடைக்காததால், கடைசியில் அவர்களே லாரிகள் வாங்கி ஓட்ட வேண்டியிருந்தது.

நேரமும் முக்கியம். டிசம்பர் 28-ல் விஜயகாந்த் மறைந்தார். ஊடகங்கள் முழுக்க அந்தத் துக்கத்துக்குத் திரும்பியது இயல்பானது. அவரே இருந்து ஆரோக்கியமாகவும் இருந்திருந்தால், இந்த மாதிரி ஒரு நிகழ்ச்சியை முன்னின்று நடத்தியிருக்கக் கூடியவர். ஆனால் ஏரலில் அப்போது சேறு இன்னும் காயவில்லை. வெள்ளச் செய்தி திரையில் இருக்கும் நாட்கள் கொஞ்சம்தான். நடத்துவதானால் முதல் ஒரு வாரத்துக்குள் நடத்த வேண்டும். அதற்கு ஏற்பாடு மழைக்காலத்துக்கு முன்பே தயாராக இருக்க வேண்டும்.

லோக்கல் கேபிளிலும் யூடியூபிலும் நாங்களே நடத்தலாமா?

தாராளமாக. ஆனால் பணம் எந்தக் கணக்கில் விழுகிறது என்பதை முதலில் முடிவு செய்யுங்கள். தனி நபர் கணக்கு கூடவே கூடாது, அவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும். பதிவான அறக்கட்டளை அல்லது சங்கம் இருக்க வேண்டும். இல்லையென்றால் ஏற்கெனவே நன்றாக நடக்கிற ஒன்றோடு எழுத்து ஒப்பந்தம் போட்டு அவர்கள் கணக்கையே காட்டுங்கள். பேரிடர் என்றால் முதலமைச்சரின் பொது நிவாரண நிதிக்கு நேராக அனுப்பச் சொல்வதும் நல்ல வழி.

24 மணி நேரம் வேண்டாம். விடியற்காலை மூன்று மணிக்கு நம்ம ஊரில் பணம் அனுப்ப ஆள் இல்லை. பகல் பன்னிரண்டு முதல் ராத்திரி பன்னிரண்டு வரை போதும். எட்டு மணி முதல் பத்து மணி வரை வீட்டில் எல்லோரும் இருப்பார்கள். உங்கள் முக்கியக் கலைஞர் அந்த நேரத்தில் மேடையில் இருக்கட்டும்.

சினிமாப் பாட்டை நம்பி நிகழ்ச்சி அமைக்காதீர்கள். யூடியூப் நேரலையில் பிறருக்குக் காப்புரிமை உள்ள பாட்டு ஓடினால் சத்தம் போய்விடலாம், நேரலையே நின்றும் விடலாம். மண்டபத்தில் பாடுவதற்கும் உரிமம் கேட்பார்கள். வில்லுப்பாட்டு, கணியான் கூத்து, நாட்டுப்புறப் பாட்டு, பட்டிமன்றம், பல குரல் என்று நம்மிடம் இல்லாததா?

போன் எடுக்கிறவர்களுக்கு ஒரு நோட்டு கொடுங்கள். பெயர், ஊர், தொகை, வந்ததா சொன்னதா, பணப் பரிவர்த்தனை எண்ணின் கடைசி நான்கு இலக்கம். ரொக்க உண்டியலை இரண்டு பேர் சேர்ந்துதான் திறக்க வேண்டும், இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டும்.

போலி க்யூஆர் கோடு பயம் இருக்கிறதே?

இருக்க வேண்டிய பயம்தான். நேரலையை வெட்டி எடுத்து, அடியில் தங்கள் க்யூஆர் கோடை ஒட்டி வாட்ஸ்அப்பில் சுற்ற விடுகிறார்கள். கோடை ஸ்கேன் செய்ததும் வங்கியில் பதிவான பெயர் திரையில் வரும். அந்தப் பெயரை அரை மணிக்கு ஒருதரம் தொகுப்பாளர் சத்தமாகச் சொல்லட்டும்: ‘இந்தப் பெயர் வந்தால் மட்டும் அனுப்புங்கள்.’

உள்ளே இருப்பவர்களாலும் ஆபத்து வரும். ஜப்பானின் அந்த 24 மணி நேர நிகழ்ச்சியில் சேர்ந்த நன்கொடையில் ஒரு பகுதியை, இணைப்புச் சேனல் ஒன்றின் அதிகாரியே கையாடிய விஷயம் 2023 நவம்பரில் வெளியானது. 1978 முதல் சேர்த்த நல்ல பெயர் அது. அதனால்தான் இரண்டு கையெழுத்து என்கிறேன்.

துபாயிலும் சிங்கப்பூரிலும் இருக்கிற நம்ம ஆட்கள் அனுப்பலாமா?

இந்தியப் பாஸ்போர்ட் வைத்திருப்பவர், தன் சம்பாத்தியத்தில் இருந்து வங்கி வழியாக அனுப்பினால் அது வெளிநாட்டு நன்கொடைக் கணக்கில் வராது. பாஸ்போர்ட் நகலை வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். வெளிநாட்டுக் குடியுரிமை வாங்கியவர்கள், ஓசிஐ அட்டை (வெளிநாட்டுக் குடியுரிமை பெற்ற இந்திய வம்சாவளியினருக்கான அட்டை) வைத்திருப்பவர்கள் உட்பட, அனுப்பினால் அது வெளிநாட்டு நன்கொடைதான். அதற்கு உங்கள் அமைப்புக்கு எஃப்சிஆர்ஏ என்ற வெளிநாட்டு நன்கொடைச் சட்டப்படியான பதிவும், டெல்லி ஸ்டேட் வங்கி முதன்மைக் கிளையில் அதற்கான கணக்கும் இருக்க வேண்டும். இல்லாமல் வாங்கினால் சட்டச் சிக்கல். அதை நேரலையிலேயே சொல்லிவிடுங்கள்.

வரிச் சலுகை?

80ஜி என்று நாம் சொல்லிப் பழகிய அங்கீகாரம் அந்த அமைப்புக்கு இருந்தால் உண்டு. ரொக்கமாக 2,000 ரூபாய்க்கு மேல் கொடுத்ததற்குக் கிடைக்காது. புதிய வரி முறையைத் தேர்ந்தெடுத்தவர்களுக்கும் கிடைக்காது. மற்ற விவரத்துக்கு உங்கள் ஆடிட்டர்.

கொடுத்தவர் பெயரை வாசிக்க வேண்டுமா? விளம்பரம் மாதிரி இருக்காதா?

வாசியுங்கள். பெயர் கேட்பதில் ஒரு சந்தோஷம் இருக்கிறது. அதில் வெட்கப்பட ஒன்றும் இல்லை. ஐம்பது ரூபாய் கொடுத்த பீடி சுற்றும் அக்கா பெயரும், ஐம்பதாயிரம் கொடுத்த கடைக்காரர் பெயரும் ஒரே குரலில், ஒரே வேகத்தில் வரட்டும். பெயர் வேண்டாம் என்பவருக்கு ‘ஊர் நலம் விரும்பி’ போதும். பெறுகிறவர்களின் பெயரை மட்டும் வாசிக்காதீர்கள்.

இப்போது யார் டிவி பார்க்கிறார்கள்? இந்தக் காலத்துக்கு இது சரிப்படுமா?

நியாயமான கேள்வி. ஜெர்ரி லூயிஸ் தொடங்கிய நிகழ்ச்சியே அவருக்குப் பிறகு சில மணி நேரமாகச் சுருங்கி, 2014-ல் கடைசியாக நடந்தது. அதே 2014-ல் தலையில் ஐஸ் தண்ணீரை ஊற்றிக்கொள்ளும் சவால் இணையத்தில் பரவி, ஏஎல்எஸ் என்ற நரம்பு நோய்க்காக அமெரிக்காவின் ஒரு சங்கத்துக்கு மட்டும் 11 கோடி டாலருக்கு மேல் கொண்டுவந்தது. பிரான்சிலும் சிலியிலும் டெலிதான் இன்னும் நடக்கிறது என்பதையும் சேர்த்துப் பாருங்கள். ஊரே ஒரே நேரத்தில் ஒன்றைப் பார்ப்பதில் ஒரு பலம் இருக்கிறது. தனித்தனியாக ரீல் பார்த்துத் தள்ளுவதில் அது வருவதில்லை. நம்மூரில் கேபிளை வீட்டுப் பெரியவர்கள் பார்க்கிறார்கள், யூடியூபைப் பிள்ளைகளும் வெளியூர்க்காரர்களும் பார்க்கிறார்கள். இரண்டிலும் ஒரே நேரத்தில் விடுங்கள்.

கணக்கை எப்போது, எப்படிச் சொல்வது?

இரண்டு தடவை. வந்த பணம் எவ்வளவு என்பதை ஒரு வாரத்துக்குள் சொல்லுங்கள். செலவு என்ன என்பதை மூன்று மாதத்தில், அதே சேனலில், அதே தொகுப்பாளரை வைத்து ஒரு மணி நேர நேரலையாகச் சொல்லுங்கள். முடிந்தால் அந்தக் கலைஞரும் வரட்டும். பில்களைத் திரையில் காட்டுங்கள். வேலை நடந்த இடத்துக்குக் கேமராவைக் கொண்டுபோங்கள். போன் நம்பரைத் திறந்து வைத்துக் கேள்வி கேட்கச் சொல்லுங்கள். தேதியை முதல் நாள் நிகழ்ச்சியிலேயே அறிவித்துவிடுங்கள்; அறிவித்துவிட்டால் தள்ளிப்போட மனசு வராது.

எங்கள் குழுவில் யாருக்கும் அனுபவம் இல்லை. எங்கிருந்து தொடங்குவது?

ஒரு சாயங்காலம், மூன்று மணி நேரம், ஒரே ஒரு தேவை. உதாரணமாக ஓர் அரசுப் பள்ளிக்கு நாலு கழிப்பறை, அல்லது ஒரு கிராமத்தில் சக்கர நாற்காலி பழுது பார்க்க ஒரு சின்னப் பட்டறை. என்ன வேண்டும், என்ன விலை, யார் செய்து கொடுப்பார், எத்தனை நாளில் என்று ஒரு பக்கத்தில் எழுதுங்கள். அதைச் சம்பந்தப்பட்ட ஆட்களிடமே காட்டித் திருத்துங்கள். ஒரு நாள் ஆய்க்குடிக்குப் போய் அங்கே எப்படி நடக்கிறது என்று பார்த்துவிட்டு வாருங்கள். நடிகருக்குப் போன் போடுவது அதற்கு அப்புறம். அவர் மேலாளர் முதலில் கேட்கப் போவதும் அந்த ஒரு பக்கத்தைத்தான்.